முப்பத்தேழு கார்டும் எட்டு வாரமும்

செல்லத்துரைக்கு உன் அம்மா எழுதுவது. உன் கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. படித்தேன். படித்ததும் மடித்து அரிசிப் பானைக்குள் போட்டு மூடிவிட்டேன். இரண்டு நாள் எடுக்கவில்லை. எடுத்தால் அந்தச் சூட்டிலேயே பதில் எழுதிவிடுவேன், அது மரியாதையாக இருக்காது என்று பயந்தேன். இப்போதும் மரியாதையாக இருக்கும் என்று சொல்லமாட்டேன். இதைக் கவரில் போடுவேனே தவிர கவரின் வாயை ஒட்டப்போவதில்லை. உன் வீட்டு விலாசமும் எழுதவில்லை, ஆபீஸ் விலாசத்துக்கே அனுப்புகிறேன். தபால்காரர், உன் பியூன், பக்கத்து மேசைக்காரர், யார் வேண்டுமானாலும் படித்துக்கொள்ளட்டும். மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள் எழுத்து இது. கொம்பும் சுழியும் எங்கேயாவது விட்டுப்போயிருந்தால் நீயே போட்டுக்கொள், பேனா உன் கையில்தானே இருக்கிறது.

ஆபீசுக்குப் பக்கத்திலேயே வீடு பார்த்துவிட்டேன், கிணறு வீட்டுக்குள்ளேயே இருக்கிறது, பிள்ளைகள் ஆச்சி எப்போது வருவாள் என்று கேட்கிறார்கள், வயதான காலத்தில் திரேஸ்புரத்தில் மீன் வாடையில் தனியாக எதற்குக் கிடக்கிறாய், புறப்பட்டு வா என்று எழுதியிருக்கிறாய். நல்ல வார்த்தைதான். பெற்ற வயிறு குளிரத்தான் செய்தது. ஆனால் மூன்றாம் பக்கத்தில், போகிற போக்கில், ஒரு வரி போட்டிருக்கிறாய் பார், அதில்தான் என் வயிறு மறுபடியும் பற்றிக்கொண்டது. ஜில்லா ஆபீசில் அப்பீல் செக்ஷனுக்கு நீ ஹெட் கிளார்க் ஆகி எட்டு மாதமாகிறதாம். லைசென்ஸ் போன ரேஷன் கடைக்காரர்களின் மனுவெல்லாம் உன் மேசைக்கு வந்து, நீ குறிப்பு எழுதிய பிறகுதான் மதராஸில் இருக்கிற பெரிய அதிகாரிக்குப் போகுமாம். எட்டு மாதம் இதை என்னிடம் சொல்லாமல் இருந்திருக்கிறாய். ஏன் சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும். அது எந்த நாற்காலி என்று உனக்கும் தெரியும்.

நீ சொல்லாவிட்டால் எனக்குத் தெரியாமல் போகுமா? உன் கடிதம் வருவதற்கு ஒரு வாரம் முன்னாலேயே தெரிந்துவிட்டது. ஆத்தூரிலிருந்து ஒரு கடைக்கார அண்ணாச்சி வெயிலில் நடந்து வந்து வாசலில் நின்றார். கக்கத்தில் வாழைச்சருகில் சுற்றிய வெற்றிலைக் கட்டு. "ஹெட் கிளார்க் ஐயா வீடு இதுதானாம்மா?" என்று கேட்டார். ஹெட் கிளார்க் இங்கே இல்லை, அவனைப் பெற்றவள்தான் இருக்கிறேன் என்றேன். திண்டாடித் திண்டாடிச் சொன்னார். லைசென்சை எடுத்துவிட்டார்கள், அப்பீல் போட்டு ஏழு மாதமாகிறது, ஐந்து தடவை ஜில்லா ஆபீசுக்கு நடந்துவிட்டார், ஒரு பதிலும் இல்லை. ஆபீசில் என்னதான் சொல்கிறார்கள் என்று கேட்டேன். "பைல் நடந்துக்கிட்டு இருக்குன்னு சொல்லுதாங்க, ஆச்சி" என்றார். எனக்குக் கையிலிருந்த சுளகு நழுவிவிட்டது. யார் சொன்னது, எந்த வாயிலிருந்து வந்தது அந்த வார்த்தை என்று கேட்டேன். "உங்க மகன்தான் சொன்னாவ" என்றார்.

வெற்றிலைக் கட்டைத் திருப்பிக் கொடுத்தனுப்பினேன். ஆத்தூர்க் கொழுந்து வெற்றிலை, மனமில்லாமல்தான் கொடுத்தேன். வாங்கினால் அவருக்காகப் பேசுகிறேன் என்று ஆகிவிடும். நான் அவருக்காகப் பேசவில்லை. அவர் யோக்கியரா, கள்ளரா, எனக்கு ஒன்றும் தெரியாது. உண்மையைச் சொன்னால் முகத்தைப் பார்த்தபோது கொஞ்சம் கள்ளக்களைதான் தெரிந்தது. அது வேறு விஷயம். கள்ளனென்றால் கள்ளன் என்று எழுதி அனுப்பு. ஏழு மாதம் வாசலில் நிற்கவைக்காதே. நான் எழுதவந்தது இவ்வளவுதான். ஆனால் இவ்வளவோடு விட்டால் அம்மாவுக்கு வயசாகிவிட்டது, புலம்புகிறாள் என்று மேசைக்குள் போட்டுப் பூட்டிவிடுவாய். ஆகவே உன் அப்பா கதையை முதலிலிருந்து சொல்லப்போகிறேன். உனக்கு அதில் பாதிதான் தெரியும். மீதிப் பாதியை நான் யாரிடமும் சொன்னதில்லை.

யுத்த காலத்தில் பர்மா அரிசி நின்று ரேஷன் வந்தபோது, திரேஸ்புரத்துக்கு உன் அப்பாவுக்குத்தான் லைசென்ஸ் கொடுத்தார்கள். ஏன் கொடுத்தார்கள் என்றால், தராசில் அவர் மாதிரி நிறுப்பவர் அந்தப் பக்கத்தில் இல்லை. முள் ஆடி நிற்கிறவரைக்கும் கையை எடுக்கமாட்டார். கூட்டம் கத்தும். "முள்ளு நிக்கட்டும், தாயீ" என்பார். கரையில் மீன் ஏலம் முடிந்து பெண்கள் கூடையை இறக்கிவைத்து வர உச்சி சாய்ந்துவிடும் என்பதால், மதியத்துக்கு மேல்தான் கடையைத் திறப்பார். சட்டப்படி காலையிலேயே திறக்கவேண்டும். காலையில் திறந்தால் யார் வருவார்கள், கடற்காக்கையா என்று கேட்பார்.

கார்டு விஷயம் அவருடையது அல்ல. அது என்னுடையது. மிக்கேலம்மாவை உனக்கு நினைவிருக்கும், மாதா கோவில் தெருவில் மூலை வீடு, சாளை மீன் விற்பாள், சிரித்தால் நாலு வீட்டுக்குக் கேட்கும். அவள் புருஷன் வள்ளத்தில் போகிறவன். காற்றடித்து வள்ளம் இறங்காத நாளில் கள்ளுக்கடைக்குப் போவான். கையில் காசில்லாவிட்டால் குடும்ப ரேஷன் கார்டை அங்கே அடகு வைத்துவிடுவான். வாரம் முடிந்தால் அந்த வாரத்து அரிசி போச்சு. இப்படி இரண்டு வாரம் பிள்ளைகள் பட்டினி கிடந்த பிறகு, அவள் கார்டைக் கொண்டுவந்து என் கையில் திணித்தாள். "அக்கா, இது உங்க பெட்டியிலயே கிடக்கட்டும். வீட்டுல எங்கன ஒளிச்சாலும் மோந்து பாத்து எடுத்துருவான்" என்றாள். நான் வாங்கி என் தகரப் பெட்டியில் வைத்தேன். அடுத்த வாரம் அவள் தங்கச்சி கொண்டுவந்தாள். அதற்கடுத்து, புருஷன்மார் தோணியில் கொழும்புக்குப் போய்விட, ஓலைக்கூரை ஒழுகி கார்டு நனைகிறது என்று இரண்டு பேர். ஒருத்தியைப் பார்த்து ஒருத்தியாக முப்பத்தேழு கார்டு சேர்ந்துவிட்டது. வாரா வாரம் அவரவர் வந்து, கார்டை வாங்கி, அரிசி வாங்கி, கார்டைத் திருப்பி என் கையில் கொடுத்துவிட்டுப் போவார்கள். ஒரு கைப்பிடி அரிசி எங்கும் போகவில்லை. உன் அப்பா மட்டும் சொல்லிக்கொண்டே இருந்தார். "ஏளா, கடைக்காரன் கையில கார்டு இருக்கக்கூடாதுன்னு ரூல் இருக்கு. திருப்பிக் கொடுத்துரு." நான்தான் கேட்கவில்லை. ரூல் போட்டவன் பெண்டாட்டி கார்டைக் கள்ளுக்கடையில் வைத்தானா என்று எதிர்த்துப் பேசினேன்.

யுத்தம் முடிந்த வருஷம், ஐப்பசியில், இன்ஸ்பெக்டர் வந்தான். அவன் முகத்தை இன்றைக்கு நூறு பேருக்கு நடுவில் நிறுத்தினாலும் காட்டுவேன். இடது புருவத்தில் வெட்டு. கடையைப் பார்த்தான், மூட்டையை எண்ணினான், தராசைத் தட்டிப் பார்த்தான், ஒன்றும் கிடைக்கவில்லை. கேட்காமல் கொள்ளாமல் கடைக்குப் பின்னால் இருந்த நம் அடுக்களைக்குள் நுழைந்து பரணிலிருந்து தகரப் பெட்டியை இறக்கினான். முப்பத்தேழு கார்டையும் கடை வாசலில் விரித்துப் போட்டான், ஏலக்கரையில் கருவாடு பரத்துகிற மாதிரி. கள்ளக் கார்டு வைத்து அரிசியைக் கறுப்புச் சந்தைக்குத் தள்ளுகிறாயா என்று உன் அப்பாவைக் கேட்டான். கூட்டம் கூடிவிட்டது. அவர் பொறுமையாக, இவை எல்லாம் நிஜக் கார்டு, சொந்தக்காரர்கள் இங்கேயே நிற்கிறார்கள், கேட்டுப் பாருங்கள் என்றார். மேலே கிடந்த கார்டை எடுத்துப் பெயரை வாசித்தான். மிக்கேலம்மாவின் கார்டு. அவள் முன்னாலேயே நின்றாள். பக்கத்தில் அவள் புருஷன். இது உன் கார்டுதானா, இங்கே எப்படி வந்தது என்று கேட்டான். அவள் புருஷனைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், தலையைக் குனிந்துகொண்டாள். "காணாமப் போன கார்டு, ஐயா" என்றாள்.

அவ்வளவுதான், மற்றவர்கள் எல்லாம் வாயை மூடிக்கொண்டார்கள். பெட்டி யாருடையது என்று இன்ஸ்பெக்டர் கேட்டான். நான் அடுக்களை நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். வாய் திறந்து என்னுடையது என்று சொல்ல ஒரு நொடி போதும். சொல்லவில்லை. உன் அப்பா திரும்பிக்கூடப் பார்க்காமல், "பெட்டி என்னுதுதான்" என்றார். எழுதிக்கொண்டு போய்விட்டான். மூன்றாம் நாள் லைசென்ஸ் போனது. கடைக்குப் புதிதாக ஒரு ஆளைத் தற்காலிகமாகப் போட்டார்கள். அவன் ரூல்படி காலை பத்து மணிக்குத் திறந்து பன்னிரண்டுக்கு மூடுவான். ஏலம் முடிந்து பெண்கள் ஓடிவந்து சேரும்போது கதவில் பூட்டுத் தொங்கும். ரூலை மட்டும் யாரும் மீறியிருக்கமாட்டார்கள்.

அப்பீல் போடலாம் என்று, லைசென்சை எடுத்த ஆர்டர் தாளின் அடியிலேயே அச்சடித்திருந்தது. உன் அப்பா அதை வேதவாக்காக நம்பினார். நம் பக்கம் நியாயம் இருக்கிறது, பெரிய அதிகாரி படித்துப் பார்த்தால் விளங்கிவிடும் என்றார். மதராஸுக்கு மனு போனது. அங்கிருந்து ஜில்லா ஆபீசுக்குக் குறிப்புக் கேட்டு வந்தது. ஜில்லா ஆபீசில் அப்போது அந்த நாற்காலியில் இருந்தவர் மூக்குப்பொடி போடுகிறவர். சட்டையெல்லாம் பொடி, மேசையெல்லாம் பொடி, நம் பைல் மேலும் பொடி. எந்த இன்ஸ்பெக்டர் லைசென்சைப் பிடுங்கினானோ அவனிடமே விளக்கம் கேட்டிருப்பதாகவும், அவன் அனுப்பவில்லை என்றும் சொன்னார். அனுப்பாவிட்டால் என்ன செய்வது என்று உன் அப்பா கேட்டதற்கு, காத்திருக்க வேண்டியதுதான் என்றாராம். வெட்டினவன் வந்து சாட்சி சொன்னால்தான் காயத்துக்கு மருந்து போடுவார்களாம். மாதத்துக்கு ஒரு தடவை வெள்ளை வேட்டி கட்டி, முதல் ரயிலுக்குப் போவார் உன் அப்பா. பொழுது சாயத் திரும்பி வருவார். என்ன சொன்னார்கள் என்று கேட்டால், "பைல் நடந்துக்கிட்டு இருக்காம்" என்பார். ஆறாவது மாதமோ ஏழாவது மாதமோ சொன்னார்: "மெட்ராசுக்கு நடந்தேதான் போகுது போல. பாவம், அதுக்கு ரயில் டிக்கெட் கிடைக்கலை." சொல்லிவிட்டு அவரே சிரித்தார். நான் சிரிக்கவில்லை.

இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவர் வேறு வேலையைப் பார்த்திருப்பார். உப்பளத்தில் கணக்கெழுதக் கூப்பிட்டார்கள், போகவில்லை. எப்போது ஆர்டர் வருமோ, வந்த அன்றைக்குக் கடை திறக்க ஆள் வேண்டாமா என்றார். கிடைக்கும் என்றும் இல்லாமல், கிடைக்காது என்றும் இல்லாமல் ஒரு மனிதனை அந்தரத்தில் தொங்கவிடுவது தண்டனையில் சேர்த்தி இல்லையாம். அதற்கு ஒரு சட்டமும் இல்லையாம், ஒரு ரூலும் இல்லையாம். கார்டைப் பெட்டியில் வைக்கக்கூடாது என்பதற்கு ரூல் உண்டு. மனுவைப் பெட்டியில் வைக்கக்கூடாது என்பதற்கு மட்டும் கிடையாது. தெருவில் போகிறவர்கள், கள்ளக் கார்டுக் கடைக்காரர் போகிறார் என்று அவர் காதுபடவே பேசினார்கள். அதற்கும் அவரால் பதில் சொல்ல முடியவில்லை, பதில் ஜில்லா ஆபீசில் பொடிக்கு அடியில் கிடந்தது.

இப்போது உன்னிடம் வருகிறேன். எட்டாவது மாதம் வக்கீல் ஒருவர், கடற்கரைத் தெருக்காரர், உன் அப்பாவிடம் கோர்ட்டுக்குப் போகலாம் என்றார். லைசென்சைக் கொடு என்று கேட்க முடியாது, ஆனால் அப்பீலை விசாரித்துப் பதில் சொல் என்று கேட்கலாம், அதிகாரி மதராஸில் உட்கார்ந்திருப்பதால் மதராஸ் ஹைக்கோர்ட்டுக்கு அவரைக் கேட்க அதிகாரம் உண்டு என்றார். அந்த வாரம் நீ வந்தாய். தாலுகா ஆபீசில் உனக்குக் குமாஸ்தா வேலை கிடைத்து அப்போது ஒரு வருஷம். சாப்பிட்டுக் கைகழுவாமலே சொன்னாய்: "எப்பா, சர்க்கார் உப்பைத் தின்னுக்கிட்டு இருக்கேன். நீங்க சர்க்கார் மேல கேஸ் போட்டா என் தலைதான் உருளும். ஆபீஸ்னா அப்படித்தான் இருக்கும், பொறுமையா இருங்க." இந்த வார்த்தையை நீ மறந்திருப்பாய். எனக்கு அன்றைக்கு என்ன குழம்பு வைத்தேன் என்பது முதல் நினைவிருக்கிறது. அவர் எழுந்து போய் வக்கீல் கொடுத்த காகிதத்தை மடித்துப் பெட்டியில் வைத்தார், அந்தத் தகரப் பெட்டியில்தான். அதற்குப் பிறகு முழுசாகப் பதினொரு மாதம் கோர்ட் என்ற வார்த்தையை அவர் எடுக்கவில்லை. அந்தப் பதினொரு மாதத்தை நான் உன் பேரில் எழுதி வைத்திருக்கிறேன், செல்லத்துரை. உன் கல்யாணத்தில் சிரித்தேன், உன் பிள்ளைகளுக்கு மருந்து அரைத்துக் கொடுத்தேன், ஆனால் அந்தப் பதினொரு மாதத்தை நான் அழிக்கவில்லை.

பத்தொன்பது மாதமானபோது நான்தான் காதிலிருந்த பாம்படத்தைக் கழற்றி அவர் முன்னால் வைத்தேன். மகன் தலை உருண்டால் நான் பிடித்துக்கொள்கிறேன், வக்கீலைப் பாருங்கள் என்றேன். உன் தலை உருளவில்லை, அது தோளின் மேல் பத்திரமாக இருக்கிறது. வக்கீல் மதராஸில் தன் சிநேகிதர் மூலம் கேஸ் போட்டார். ஜட்ஜ் கேட்டாராம்: மனு எப்போது வந்தது? இத்தனையாம் தேதி. இதுவரைக்கும் என்ன செய்தீர்கள்? குறிப்புக்குக் காத்திருக்கிறோம். குறிப்பு வராவிட்டால்? சர்க்கார் வக்கீல் பைலைப் புரட்டினாராம். குறிப்பு வந்தாலும் வராவிட்டாலும் எட்டு வாரத்துக்குள் இரண்டு பக்கமும் கேட்டு முடிவைச் சொல் என்று ஆர்டர் போட்டார். வக்கீல் வந்து இதைப் படித்துக் காட்டியபோது எனக்குக் கோபம்தான் வந்தது. இவ்வளவுதானா, லைசென்ஸ் எங்கே என்றேன். உன் அப்பா அந்தக் காகிதத்தை வாங்கி, எழுத்துக்கூட்டிக்கூடப் படிக்கத் தெரியாத இங்கிலீஷை விரலால் தடவிப் பார்த்தார். "பதில் சொல்லச் சொல்லிட்டாருல்லா" என்றார். அவர் கண் கலங்கி நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

இனி நீ அறியாத பாதி. வக்கீல் முதல் நாளே ஒன்று சொல்லியிருந்தார். காணாமல் போன கார்டு என்று சொன்னாளே, அந்த ஒரு வார்த்தையில்தான் எல்லாம் போயிற்று, அவளையே கூட்டிவந்து உண்மையைச் சொல்லவைத்தால் போதும் என்றார். உன் அப்பா அன்று மாலையே அவள் வீட்டுக்குப் போகக் கிளம்பினார். நான் வாசலில் குறுக்கே நின்றேன். அவள் வாசலை மிதித்தால் இந்த வாசலை மிதிக்கக்கூடாது என்றேன். ஏனென்றால் நான் மிக்கேலம்மாவோடு பேசுவதை விட்டு வெகுநாளாகியிருந்தது. லைசென்ஸ் போன மறுநாள் காலையிலேயே அவள் வந்தாள். நான் வாசலில் சாணிக் கரைசலை அவள் காலடியில் கொட்டினேன். மறுவாரம் வந்தாள், கதவைச் சாத்தினேன். மூன்றாவது தடவை, அவள் பிள்ளைக்குக் காய்ச்சல் கண்டிருந்த நேரம், படலுக்கு வெளியே நின்று "அக்கா, ஒரு வார்த்தை" என்றாள். நான் உள்ளே உட்கார்ந்து அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தேன். கல் இல்லாத அரிசியில் பொறுக்கிக்கொண்டிருந்தேன். அவள் எவ்வளவு நேரம் நின்றாள் என்று எனக்குத் தெரியும், எப்போது போனாள் என்றும் தெரியும். பதில் சொல்லவில்லை. அதன் பிறகு அவள் வரவில்லை.

கோர்ட் சொன்ன எட்டு வாரத்தில் ஏழாவது வாரம், அந்த மதராஸ் அதிகாரியே முகாம் வந்து ஜில்லா ஆபீசில் விசாரணை வைத்தார். நானும் உன் அப்பாவும் ரயிலில் போய் இறங்கினால், பின் பெட்டியிலிருந்து பதினொரு பெண்கள் இறங்குகிறார்கள். ஏலத்தை விட்டுவிட்டு, குளித்து, தலையில் எண்ணெய் வைத்து. முன்னால் மிக்கேலம்மா. எனக்குத் தெரியாமல் உன் அப்பா போய்க் கேட்டிருக்கிறார். முப்பது வருஷத்தில் அவர் என் பேச்சைத் தட்டியது அந்த ஒரு காரியத்தில்தான், அந்த ஒரு காரியம்தான் எங்களைக் காப்பாற்றியது. அதிகாரி கண்ணாடி போட்ட சிறு வயதுக்காரர். மிக்கேலம்மாவின் கார்டைக் காட்டி, இது காணாமல் போனதுதானா என்று கேட்டார். அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு சொன்னாள்: "இல்ல, ஐயா. நான்தான் அந்த அக்கா கையில கொடுத்தேன். எம்புருசன் கள்ளுக்கடையில அடகு வைக்கிறான்னு கொடுத்தேன். அன்னைக்கு அவன் பக்கத்துல நின்னான், அடிப்பான்னு பயந்து பொய் சொன்னேன். இன்னைக்கும் அடிப்பான். ஆனா பூட்டின கடை வாசல்ல ரெண்டு வருசம் நின்ன பிறகு அடி பெருசாத் தெரியலை." மற்ற பத்துப் பேரும் ஒவ்வொருத்தியாகத் தன் கார்டை அடையாளம் காட்டினார்கள். அதிகாரி எழுதிக்கொண்டே கேட்டார், இதை ஏனம்மா முன்னாலேயே சொல்லவில்லை என்று. மிக்கேலம்மாதான் முன்னால் வந்தாள். "யாரும் கேக்கலையே, ஐயா" என்றாள். அதிகாரியைப் பார்த்துத்தான் சொன்னாள். என் பக்கம் திரும்பக்கூட இல்லை.

அரை மணி நேரம்தான் ஆயிற்று, செல்லத்துரை. கார்டு வைத்தது ரூலுக்கு விரோதம், அதற்கு எச்சரிக்கை. லைசென்ஸ் திரும்பக் கொடுக்கவேண்டியது. இருபத்தோரு மாதம் பொடிக்கு அடியில் கிடந்த காரியம், ஒரு உலை கொதிக்கிற நேரத்தில் முடிந்துவிட்டது. மூக்குப்பொடிக்காரர் அதே அறையில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார், முகத்தில் ஒரு சலனமும் இல்லை. இவ்வளவு லேசான காரியமா? இதற்கா அந்த மனிதர் இத்தனை தடவை வெள்ளை வேட்டி துவைத்துக் கட்டினார்?

உன் அப்பா மறுபடியும் கடை திறந்தார். முள் நிற்கும்வரை நிறுத்தார். சுதந்திரக் கொடி ஏற்றியபோது கடை வாசலில் மாவிலை கட்டினார். அந்த வருஷம் முடியும்போது ரேஷனையே எடுத்துவிட்டார்கள், கடைக்கு வேலை போய்விட்டது, அடுத்த பங்குனியில் அவரும் போய்விட்டார். இருபத்தோரு மாதம் காத்திருந்து வாங்கின லைசென்சை அவர் அரை வருஷம்கூட முழுசாக ஆண்டு அனுபவிக்கவில்லை. இப்போது ரேஷன் திரும்ப வந்திருக்கிறது. அந்த நாற்காலியும் காலியாகி, அதில் என் மகன் உட்கார்ந்திருக்கிறான்.

மூக்குப்பொடிக்காரரையும் புருவ வெட்டுக்காரனையும் நான் மன்னிக்கவில்லை. மன்னிக்கிற உத்தேசமும் இல்லை. ஆனால் ஆத்தூர்க்காரர் அந்த வார்த்தையைச் சொல்லிவிட்டுப் போன அன்றைக்கு என் மகனா இதைச் சொன்னான், எங்கே கற்றான் என்று யோசித்து யோசித்துப் பார்த்தேன். படலுக்கு வெளியே ஒருத்தியை நிற்கவைத்துவிட்டு உள்ளே கல் பொறுக்கினவள் வயிற்றில் பிறந்தவன்தானே. நீ வேறு எங்கேயும் போய்க் கற்கவேண்டியிருக்கவில்லை. மூக்குப்பொடிக்காரராவது யாரென்று தெரியாத மனிதரைத்தான் காக்கவைத்தார். நான் என்னை நம்பிக் கார்டைக் கையில் கொடுத்தவளைக் காக்கவைத்தேன். உன்னைத் திட்டுவதற்கு எனக்கு யோக்கியதை இல்லை என்று நீ சொல்லலாம். சொல்லு. சொல்லிவிட்டு அந்த மனுவை எடுத்துப் படி.

இரக்கப்படு என்று நான் சொல்லவில்லை. இரக்கப்படுகிறவர்களை ஆபீசில் நிறையப் பார்த்துவிட்டேன், உட்காருங்கள், தண்ணீர் குடியுங்கள், அடுத்த மாதம் வாருங்கள் என்பார்கள். உன் அப்பாவுக்கு அங்கே யாரும் கடுஞ்சொல் சொன்னதில்லை, அதை ஒப்புக்கொள்கிறேன். அவர் செத்தது மரியாதையான பேச்சால்தான். ஆத்தூர்க்காரர் தப்புச் செய்திருந்தால் தப்பு என்று எழுது. இன்ஸ்பெக்டர் விளக்கம் அனுப்பாவிட்டால், அனுப்பவில்லை என்று எழுதி மதராஸுக்கு அனுப்பு. அவர் ஒருவர் மட்டுமல்ல, உன் அலமாரியில் இன்னும் எத்தனை பேர் நிற்கிறார்கள் என்று எண்ணிப் பார். முப்பத்தேழு கார்டை விரித்துப் போட்டான் அல்லவா, அதே மாதிரி நீயும் தரையில் விரித்துப் போட்டு எண்ணு.

கிணறு உள்ள வீட்டுக்கு வர எனக்கும் ஆசைதான். பேத்திக்குத் தலைபின்னிவிட ஆசை. ஆனால் பதில் கிடைக்காமல் ஆட்கள் நடக்கிற ஆபீசுக்குப் பக்கத்து வீட்டில் உட்கார்ந்து நான் சாப்பிடமாட்டேன். அந்த ஜட்ஜ் கொடுத்த எட்டு வாரத்தை நானும் உனக்குத் தருகிறேன், ஒரு நாள் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. இன்றைக்கு வெள்ளிக்கிழமை. அடுக்களைச் சுவரில் கரிக்கோடு போட்டுவிட்டேன். எட்டாவது வெள்ளிக்கிழமை காலையில் நான் பெட்டியை எடுத்துக்கொண்டு கிளம்புவேன். ஆத்தூர்க்காரருக்கு ஆகும் ஆகாது என்று ஏதாவது ஒரு பதில் போயிருந்தால் உன் வீட்டுக்கு. போகாவிட்டால் அவரையும் கூட்டிக்கொண்டு கடற்கரைத் தெரு வக்கீல் வீட்டுக்கு. காதில் பாம்படம் இல்லை, ஆனால் ஆடு இரண்டு இருக்கிறது. உன் ஆபீஸ் பெயரை எழுதும்போது உன் பெயரையும் சேர்த்து எழுதச் சொல்லுவேன்.

வக்கீல் வீட்டுக்குத் தனியாகப் போகமாட்டேன். நேற்று மாதா கோவில் தெருவுக்குப் போனேன். மிக்கேலம்மா வாசலில் உட்கார்ந்து வலையில் சிக்குப் பிரித்துக்கொண்டிருந்தாள். நான் படலுக்கு வெளியே நின்றேன். ஒரு வார்த்தை பேசலாமா என்று கேட்டேன். அவள் நிமிர்ந்து பார்த்தாள், வலையைக் கீழே வைக்கவில்லை. வெகுநேரம் நிற்கவைத்தாள், அது நியாயம்தான். பிறகு நகர்ந்து இடம் விட்டாள். உட்கார்ந்து விஷயத்தைச் சொன்னேன், என் மகன் மேல் கேஸ் போடவேண்டிவரும், துணைக்கு வருவாயா என்று கேட்டேன்.

"இப்பமாவது கேட்டீயளே, அக்கா. என்னைக்குன்னு மட்டும் சொல்லுங்க" என்றாள்.

உன் அம்மா.